வாரண்டில் இருந்த வீடு

கோர்ட்டு அமீனாவை எந்தத் தெருவுலயும் வாங்கன்னு கூப்பிட மாட்டாங்க. வாடகை குடுக்காதவங்களைக் கோர்ட்டு உத்தரவோட வந்து காலி பண்ண வைக்கிறவன் நான். போற எடமெல்லாம் சாபந்தான். போதாக்குறைக்கு எனக்குக் கோவம் மூக்கு மேல நிக்கும்.

2003 மார்ச்சுல அரியலூர் டவுன்லயே ஒரு வாரண்டு வந்துச்சு. வீட்டுக்காரர் உத்திராபதி, ரெண்டு லாரி வச்சிருக்கவரு. குடியிருந்தது பரிமளான்னு ஒரு அம்மா. புருசன் கல்லு லாரியில வேலைக்குப் போயி காலு ஒடிஞ்சு, விக்கிரமங்கலத்துல தங்கச்சி வீட்டுல கெடக்காரு. பதினாலு மாச வாடகை நின்னு போச்சு. கோர்ட்டுப் படி மிதிச்சா கேவலம்னு அந்தம்மா ஒரு வாய்தாவுக்கும் போகல. எதிர்த்துக் கேக்க ஆளில்லாம கேஸ் முடிஞ்சிருச்சு.

நானும் பியூன் சாமிக்கண்ணுவும் போறோம், அண்டா குண்டான், பாய், தையல் மிஷின், தொட்டில் எல்லாம் ஏற்கனவே வாசல்ல கெடக்கு.

"எங்க சாமானை இன்னொருத்தரு தூக்கி எறியறதைப் பாக்க முடியாது சார். அதான் நானே எடுத்து வச்சிட்டேன்"னுச்சு பரிமளா.

"அப்புறம் என்ன? வீட்டைப் பூட்டிட்டு சாவியக் குடும்மா."

"உள்ள எம் பொண்ணு கமலவேணி இருக்கு சார். தலைப்பிரசவம். புள்ள பொறந்து பதினோரு நாளுதான் ஆவுது."

எட்டிப் பார்த்தேன். வெறுந்தரையில பழைய சேலைய விரிச்சு அந்தப் பொண்ணு படுத்திருக்கு. பக்கத்துல துணிச் சுருள் மாதிரி ஒரு புள்ள.

"பதினாறாம் நாளு பேரு வைக்கணும். சம்பந்தி வூட்டுலேருந்து தா.பழூர்க்காரங்க வேன் வச்சு வராங்க. அவங்களுக்கு இந்தக் கேஸ் தெரியாது சார். தெருவுல நிக்கிறதைப் பாத்தா எம் பொண்ண நிம்மதியா வாழ வுடமாட்டாங்க. அஞ்சே நாளு குடுங்க. நானே சாவியக் கொண்டாந்து குடுத்துடறேன்."

"நாள் குடுக்க நான் என்ன ஜட்ஜா?"ன்னு எரிஞ்சு விழுந்தேன். மனசு கஷ்டப்பட்டா எனக்கு வாயிதான் நீளும். அந்தம்மா முந்தானையால வாயப் பொத்திக்கிச்சு.

உத்திராபதி வேற பின்னால நின்னு, "இன்னும் என்ன பேச்சு சார்? புள்ளயத் தூக்கிக்கிட்டு வெளிய வரச் சொல்லுங்க"ன்னாரு.

அந்த ஆளு மேல வந்த எரிச்சல்ல, "இருய்யா, வாரண்டைப் படிக்க வேணாமா?"ன்னு காயிதத்தை விரிச்சேன். சும்மா சொல்லக்கூடாது, எத்தனையோ தடவை படிக்காமலே சாமானை எறக்கியிருக்கேன். அன்னைக்கு ஒவ்வொரு எழுத்தா படிச்சேன். வீட்டுக்கு நாலு பக்கமும் எது எதுன்னு அதுல எழுதியிருக்கும். கிழக்கே செல்லக்கண்ணு வீடு, மேற்கே பொதுச் சந்து.

தெருவைப் பார்த்தேன். பரிமளா வீடு சந்துக்கு மேற்கால இருக்கு. சந்துக்கும் செல்லக்கண்ணு வீட்டுக்கும் நடுவுல ஒரே ஒரு வீடுதான். மாடி வச்சு பச்ச பெயிண்ட் அடிச்ச வீடு.

"அது யாரு வீடு?"

"நாங்க குடியிருக்கிற வூடுதான்"னாரு உத்திராபதி.

போயி கதவு நம்பரைப் பார்த்தேன். வாரண்டுல இருக்கிற அதே நம்பர். சிரிப்பை அடக்கிக்கிட்டு, "சார், கோர்ட்டு காலி பண்ணச் சொன்னது உங்க வீட்டைத்தான்"னேன்.

விசாரிச்சா வெசயம் வெளிய வந்துச்சு. ரெண்டு வீட்டுப் பத்திரத்தையும் ஒரே மஞ்சப் பையில போட்டு சாமி படத்துக்குப் பின்னால வச்சிருந்திருக்காரு. வக்கீல் கேட்டப்ப கைக்கு வந்ததை உருவிக் குடுத்துட்டாரு. அதைப் பாத்து எழுதுன கேஸ் அப்படியே தீர்ப்பு வரைக்கும் வந்திருச்சு.

"எது வாடகை வூடுன்னு ஊருக்கே தெரியுமே சார்!"

"ஊருக்குத் தெரிஞ்சா போதுமா? காயிதத்துல இல்லாத வீட்டுல நான் கை வச்சா என் வேலை போயிடும். வேணும்னா எழுதியிருக்கிற வீட்டுச் சாமானை எடுத்து வெளிய வைக்கிறேன். வைக்கவா?"

செல்லக்கண்ணு அவரு வாசல்லேருந்து கத்துனாரு: "உத்திராபதி! கட்டிலை ஒரு கை புடிக்கவா?" தெருவே கொல்லுனு சிரிச்சுது. உத்திராபதி வேட்டிய மடிச்சுக் கட்டிக்கிட்டு வக்கீலைத் திட்டிக்கிட்டே போனாரு.

பரிமளாவுக்கு ஒண்ணும் புரியல. "என்ன சார் ஆச்சு?"

"வாரண்டைத் திருப்பி அனுப்பறேன். அவரு மனு போட்டுத் திருத்தி வாங்க ரெண்டு மூணு மாசம் ஆவும். அதுக்குள்ள வேற வீடு பாத்துக்கம்மா, திரும்ப வந்தா விடமாட்டேன்."

"அப்ப... பேரு இங்கயே வைக்கலாமுங்களா?"

"வைம்மா. தாராளமா வை."

அந்தம்மா அப்படியே வாசப்படியில உக்காந்து ஓன்னு அழுதுச்சு. அழுதுக்கிட்டே சிரிச்சுது. எனக்கு வயித்துல பால வார்த்த மாதிரி இருந்துச்சு. கண்ணு கலங்குனதைக் காட்டிக்கக் கூடாதுன்னு திரும்புனேன், சாமிக்கண்ணு அண்டாவ உள்ள தூக்கிட்டுப் போறான். நான் தொட்டிலைத் தூக்கிட்டேன்.

பதினெட்டு வருஷ சர்வீஸ்ல சாமானை வெளிய வச்சுத்தான் எனக்குப் பழக்கம். உள்ள எங்க வைக்கிறதுன்னு தெரியாம நடு வீட்டுல முழிச்சேன்.

"காத்து அடிக்கும் சார், சுவத்தோரமா வைங்க"ன்னுச்சு கமலவேணி. அந்தப் பொண்ணு சொன்ன எடத்துல, சத்தம் வராம வச்சேன்.