லுபோர் ஹனாக்கின் ஒட்டுத்தாடி

முப்பது நாற்பது படங்களுக்கு இசையமைத்தவர் லுபோர் ஹனாக். ஆனால் பிராக் நகரத்து ட்ராமில் ஏறினால் அதைப் பற்றி ஒரு ஆளும் கேட்கமாட்டான். பீர்ப் பீப்பாய்க்குள் தலைகுப்புற விழுந்தவர் நீங்கள்தானே என்றுதான் கேட்பார்கள்.

அந்த வினை தானாக வந்ததுதான். ஒரு படப்பிடிப்பில் துணை நடிகர் போதையில் வராமல் போக, உன் மூஞ்சிதான் வேகவைத்த மாவு உருண்டை மாதிரி இருக்கிறதே, நீயே விழு என்று இயக்குநர் இவரைப் பிடித்துத் தள்ளினார். நாடே சிரித்தது. அதற்கப்புறம் எவர் இசைக்கு அழைத்தாலும் கூடவே ஒரு வேடமும் தயாராக இருக்கும். ஏமாந்த கணவன், வாத்து துரத்தும் பாதிரியார், கால்சட்டை கிழிந்த தபால்காரன். மாட்டேன் என்று சொல்லாதது இவர் தப்புதான். கைதட்டல் யாருக்குக் கசக்கும்? ஆனாலும் ஓர் ஆசை மனுஷனை உள்ளுக்குள் அரித்துக்கொண்டே இருந்தது. தன் இசையைக் கேட்டு ஒரே ஒரு ஆளாவது அழவேண்டும், அது லுபோரின் இசை என்று தெரிந்தே அழவேண்டும்.

சுரங்கத் தொழிலாளியின் விதவையைப் பற்றி ஒரு படம் கிடைத்தது. அதில் இவர் முகமே காட்டவில்லை, உயிரைக் கொடுத்து இசையமைத்தார். வெளியிடும் முன் படத்தைத் தொழிலாளர்களுக்குப் போட்டுக் காட்டி அபிப்பிராயம் கேட்பது ஸ்டூடியோ வழக்கம். கண்ணாடித் தொழிற்சாலை ஒன்றில் போட்டார்கள். திரையில் 'இசை: லுபோர் ஹனாக்' என்று வந்ததுதான் தாமதம், கூட்டம் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தது. சுரங்கம் இடிந்து விழும்போதுகூட அந்த இடிபாட்டிலிருந்து இவர் உருண்டு வருவார் என்று ஆவலாகப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

ஸ்டூடியோ குழு கூடியது. தலைவர் தோழர் காட்லெட்ஸுக்குத் தேசிய கீதம் ஒன்றுதான் அடையாளம் தெரியும், அதுவும் பக்கத்தில் இருப்பவர் எழுந்தால்தான். இசையில் குறையில்லை, பேரில்தான் குறை என்று அவர் தீர்ப்புச் சொன்னார். ஒன்று பேரை எடுக்கவேண்டும், இல்லை இசையை எடுக்கவேண்டும்.

வீட்டுக்கு வந்து மனைவி திரஹோமீராவிடம் புலம்பினார் லுபோர். அவள் முட்டைக்கோஸ் நறுக்குவதை நிறுத்தவே இல்லை.

"பேரப் பிடிச்சுக்கிட்டு பாட்ட விட்டுடுவியா? அப்படின்னா ஊர் சிரிக்கறதுல தப்பே இல்ல, போ."

பேரை விட்டுக்கொடுத்தார். எவ்ஜென் டிஹோட்டா என்று இல்லாத ஆள் ஒருவனைக் குழு கற்பனையாக உருவாக்கியது. படம் வந்தது, ஜனங்கள் கைக்குட்டை நனைய அழுதார்கள். ஹனாக்கின் டிங்டாங் எங்கே, டிஹோட்டாவின் ஆழம் எங்கே என்று பத்திரிகைகள் உருகின. இவரும் கொட்டகையில் ஒரு மூலையில் உட்கார்ந்து அதையெல்லாம் பார்த்துவிட்டு, வயிற்றெரிச்சலோடு வீட்டுக்கு வந்தார்.

அப்போதுதான் அமைச்சகம் டிஹோட்டாவுக்குப் பதக்கம் அறிவித்துத் தொலைத்தது. அப்படி ஓர் ஆளே கிடையாது என்று மேலிடத்தில் போய்ச் சொல்ல எவனுக்குத் தைரியம்? காட்லெட்ஸ் வியர்க்க விறுவிறுக்க லுபோரிடம் வந்தார்.

"நீங்க நடிகர்தானே தோழர்? ஒரு தாடிய ஒட்டிக்கிட்டு மேடையேறி வாங்கிட்டு வந்துடுங்களேன்."

தாடியோடு மேடை ஏறினார். அரங்கமே எழுந்து நின்றது. ஒருவர் முகத்திலும் சிரிப்பில்லை.

விருந்தில், ஹாம் வைத்த ரொட்டித் துண்டோடு நின்றவரிடம் கறுப்பு உடுத்திய ஒரு பெண் வழியும் கண்ணீரோடு வந்து கையைப் பிடித்துக்கொண்டாள்.

"மேஸ்ட்ரோ, என் வீட்டுக்காரர் போன பிறகு எனக்கு அழுகையே வரல. உங்க பாட்டக் கேட்டுத்தான் அழுதேன். ஒரே ஒரு வேண்டுகோள். அந்த ஹனாக் நடிக்கற படத்துக்கு மட்டும் இசை குடுத்துடாதீங்க. கெடுத்துடுவான்."

இத்தனை வருஷம் எதிர்பார்த்த ஆள் எதிரே நிற்கிறாள். இதைவிட்டால் வேறு நேரம் வராது என்று தோன்றியது. பதக்கமாவது அமைச்சகமாவது என்று லுபோர் தாடியைப் பிய்த்து எடுத்தார்.

"நான்தாம்மா ஹனாக். அந்தப் பாட்டு என்னோடது."

அவள் கண்ணீர் கன்னத்திலேயே நின்றது. பிறகு வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள், வயிறு வலிக்கச் சிரித்தாள், பக்கத்தில் இருந்தவர்களைக் கூப்பிட்டுக் காட்டிச் சிரித்தாள். அவர்களும் கை தட்டினார்கள்.

"பலே ஆளுய்யா நீ, அச்சு அசலா டிஹோட்டா மாதிரியே நின்னியே! சரி, அவரு எங்க? நான் இன்னும் பேசி முடிக்கல."

லுபோர் தாடியைச் சட்டைப் பைக்குள் திணித்துக்கொண்டார்.

"அவர் கிளம்பிட்டாரும்மா" என்றார்.