எண் போடாத மனு

“மதிம்மா, ஊருல இருக்கறவங்க கடுதாசிக்கெல்லாம் நம்பர் போடுறியே, உன் மனுவுக்குப் போட்டியா?”

அலுவலகத்தைக் கூட்டிப் பெருக்கும் தங்கம்மாள் ஐப்பசியில் ஒருநாள் கேட்ட கேள்வி அது. மதிவதனி சிரித்து மழுப்பிவிட்டாள்.

வேங்கிக்காலில் ஓர் அரசு அலுவலகத்தில் அவள் இளநிலை உதவியாளர். வருகிற ஒவ்வொரு கடிதத்திலும் முத்திரை குத்தி, தேதியும் எண்ணும் எழுதிப் பதிவேட்டில் ஏற்றுவது அவள் வேலை. வீடு இருக்கும் அடி அண்ணாமலையில் பஸ் ஏறுவதற்கு முன், விடியற்காலைகளில் நான்கு வருடம் படித்து, இன்னொரு துறையில் மேல்பதவிக்கான தேர்வில் தேறியிருந்தாள். இனிச் சென்னையில் சான்றிதழ் சரிபார்ப்பு. அதற்கு இப்போதைய அலுவலகம் தரும் தடையின்மைச் சான்று வேண்டும். அந்த மனுவைத்தான் சூப்பிரண்டு முருகையன் கையில் நேராகக் கொடுத்திருந்தாள். தன் மனுவுக்குத் தானே எண் போட்டு நீட்டினால், அவரை நம்பவில்லை என்று நினைத்துவிடுவாரோ என்ற கூச்சம்.

“ஏம்மா, இது என்னா ஜெயிலா, தப்பிச்சு ஓடப் பாக்கறே?” என்று சிரித்தபடி வாங்கி இழுப்பறையில் போட்டார் அவர். “பௌர்ணமி முடியட்டும், பாத்துக்கலாம்.”

பௌர்ணமி முடிந்தது. கிரிவலக் கூட்டமும் கலைந்தது. மறுபடி கேட்டாள்.

“கார்த்திகை தீபம் வருதே, வேலை ஜாஸ்தி. நீ போயிட்டா இந்த டேபிள யாரு பாப்பா? தீபம் முடியட்டும்.”

முருகையன் கெட்டவர் இல்லை. நன்றாக வேலை செய்கிற ஒருத்தியை விட மனமில்லை, அவ்வளவுதான்.

சரிபார்ப்பு தீபத்துக்கு முந்தின வாரமே வந்துவிட்டது. அதற்கு முதல் நாள் முருகையன் விழா வேலையாகக் கோயிலில் இருந்தார். போனை எடுக்கவில்லை. இழுப்பறை பூட்டியிருந்தது. மதிவதனி அதிகாரியின் அறைக்குப் போனாள்.

“மனுவா? எங்கிட்ட வரலியேம்மா. என்னா நம்பர்?”

“நம்பர் போடல சார். சூப்பிரண்டு சார் கையில குடுத்தேன்.”

“தபால் பாக்கற நீயே இப்படிச் சொன்னா எப்படி? இன்னிக்குக் குடுத்ததா எடுத்துக்கறேன். உம்மேல புகார் எதுவும் இல்லன்னு பாத்துக் கையெழுத்தாக ஒரு வாரம் ஆவும்.”

மேசைக்குத் திரும்பினாள். பதிவேட்டில் ஐப்பசிப் பக்கத்தின் அடியில் ஒரு வரி காலியாக இருந்தது. அதில் இப்போது எழுதினாலும் அன்றே கொடுத்ததாக ஆகிவிடும். பேனாவைத் திறந்தாள். வெகுநேரம் அந்த வரியையே பார்த்திருந்துவிட்டு மூடினாள்.

மறுநாள் சென்னையில், “சான்று இல்லாம எடுத்துக்க முடியாதும்மா” என்று சொல்லி அடுத்த பெயரைக் கூப்பிட்டார்கள். புது வேலைக்கென்று அம்மா தேரடி வீதியில் வாங்கித் தந்த கைப்பையை மடியில் வைத்தபடி திரும்பினாள். பஸ் செஞ்சி வரும் வரை அழவில்லை. தூரத்தில் மலை தெரிந்ததும் அழுகை வந்துவிட்டது.

தீபம் முடிந்த திங்கட்கிழமை முருகையன் இழுப்பறையைத் துழாவி மனுவை எடுத்துவந்தார். “இந்தா, கையெழுத்துக்கு வெச்சுடலாம். எப்பம்மா மெட்ராஸ் போவணும்?”

“போயிட்டு வந்துட்டேன் சார். சான்று இல்லன்னு அனுப்பிட்டாங்க.”

அவர் நின்றுவிட்டார். அந்த நேரம் பார்த்துப் புதுத் தட்டச்சர் தென்றல் மடித்த தாளோடு வந்தாள். “சார், நானும் ஒரு பரீட்சைக்கு...”

மதிவதனி எட்டி அந்தத் தாளை வாங்கினாள். முத்திரை குத்தினாள். தேதி, எண் எழுதினாள். ஒரு நகல் எடுத்து, அதிலும் முத்திரை குத்தித் தென்றல் கையில் கொடுத்தாள்.

“இத பத்திரமா வெச்சுக்க தென்றல். வேலையில இருக்கறவங்க வேற வேலைக்கு எழுதறது தப்பும் இல்ல, துரோகமும் இல்ல. அது நம்ம உரிமை. கூச்சப்பட்டுக் கையில குடுத்தா, அது அவங்க மனசு வெச்சாதான்னு ஆயிடும். நான் குடுத்துக் கெட்டேன். நீ குடுக்காத.”

முருகையன் கையிலிருந்த பழைய மனுவைப் பார்த்தார். அதை அவள் மேசை ஓரத்தில், எண் போட வந்திருந்த தபால்களின் மேல் வைத்தார். வெளியே போனார்.