மடிக்க இரண்டு பேர்

விடிவதற்கு முன்பே சலவைக்கூடத்தில் நீராவி முட்டிக்கொண்டு நின்றது. ஆஸ்பத்திரிப் படுக்கை விரிப்புகள் எந்திரத்திலிருந்து கொதிக்கக் கொதிக்க வந்து விழுந்தன. அந்த அகல விரிப்பை ஒற்றை ஆள் மடிக்க முடியாது. ஆளுக்கு இரண்டு முனை பிடித்து, உதறி, இழுத்து, எதிரெதிரே நடந்து வந்து முனையோடு முனை சேர்க்க வேண்டும். மூத்தவளுக்கு வாய்த்த ஜோடி அவளுடைய ஓரகத்தி, வீட்டின் இளைய மருமகள். இருவரும் முகம் கொடுத்துப் பேசிப் பல மாதமாகிறது. கைகள் மட்டும் சண்டை தெரியாமல் வேலை பார்த்தன.

மூத்தவளுக்கு வயிறு எரிந்தது. எரியாமல் என்ன செய்யும்? மாமியார் மெச்சுவது இளையவளின் சமையலைத்தான். இப்போது தெருவே அவள் பேச்சாகக் கிடக்கிறது. ஆஸ்பத்திரியில் நிரந்தர வேலை வாங்கித் தருவதாகப் பணம் பிடுங்கிய சலவைக்கூடச் சூப்பர்வைசர் மேல் போலீசில் புகார் கொடுத்துவிட்டாளாம். மூத்தவளும் கழுத்துச் சங்கிலியை விற்று அதே ஆளிடம்தான் கொட்டியிருந்தாள், வீட்டுக்காரருக்குக்கூடத் தெரியாது. அடப்பாவமே, ஏமாந்ததிலுமா இவள் முந்திக்கொள்ள வேண்டும்!

விரிப்பின் முனைகள் சேர்ந்தபோது இளையவள் வாயைத் திறந்தாள்.

“அக்கா, கைது பண்றதுக்கு முன்னாடியே அந்தச் சூப்பர்வைசர் ஜாமீன் கேட்டிருக்கான். இன்னிக்குத்தான் விசாரணை. புகார் குடுத்தது நான் ஒருத்தி, அதுவும் சொந்தப் பகையிலன்னு அவன் வக்கீல் சொல்றாராம். முன்ஜாமீன் கிடைச்சா என்னையே வந்து மிரட்டுவான்.”

“அதுக்கு நான் என்ன பண்ண?”

“நீங்களும் குடுத்தீங்க. உங்க கழுத்தைப் பார்த்தேன்.”

மூத்தவள் முந்தானையை இழுத்துக் கழுத்தை மூடினாள். இளையவள் விடவில்லை.

“ஒரே ஒரு இடம்தான் காலி, வெளிய சொன்னா உன் ஓரகத்தி தட்டிட்டுப் போயிடுவான்னு சொன்னான். அது உங்களுக்குப் போயிடக் கூடாதேன்னுதான் குடுத்தேன். பொறாமைதான்க்கா, வேற என்ன!”

மூத்தவளின் கையிலிருந்து விரிப்பு நழுவியது. அவளிடமும் அவன் அதையேதான் சொல்லியிருந்தான். அவளும் பணம் கொடுத்தது அதற்காகத்தான்.

அந்த நேரம் பார்த்து சலவைக்கூட முதலாளி வந்து நின்றார். சூப்பர்வைசர் அவருடைய மச்சான்.

“இன்னிக்கு யாருக்கும் லீவு கிடையாது. கோர்ட்டு வாசலை மிதிக்கிறவங்க அப்படியே வீட்டுக்குப் போயிடலாம். இந்த ஒருத்தியைத் தவிர என் மச்சானுக்குக் காசு குடுத்தவங்க யாரு? இருந்தா சொல்லுங்க, பார்ப்போம்.”

எல்லோரும் தரையைப் பார்த்தார்கள். இளையவள் மட்டும் தலை நிமிர்ந்து நின்றாள். அதைப் பார்க்கப் பார்க்க மூத்தவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இவளுக்கு இருக்கிற தைரியம் எனக்கில்லையா?

“நான் குடுத்தேன்.”

“குடும்பமே சேர்ந்து நாடகம் ஆடுறீங்களா?”

“சேர்ந்திருந்தா உங்க மச்சான் பருப்பு வெந்திருக்குமா? ஒரே ஒரு இடம்னு என்கிட்டயும் சொன்னான், இவகிட்டயும் சொன்னான். இன்னும் யார் யார்கிட்ட சொன்னானோ!”

பாய்லர்காரர் தொண்டையைச் செருமினார். “என்கிட்டயும் ஒரே இடம்னுதான் சொன்னான். இஸ்திரிக்காரர் காதுக்குப் போயிடக் கூடாதுன்னான்.”

“அட போய்யா!” என்றார் இஸ்திரிக்காரர். “உன் காதுக்குப் போயிடக் கூடாதுன்னு நான் பொண்டாட்டிகிட்டகூட மூச்சு விடல.”

யாரோ சிரித்தார்கள். சிரிப்புக்கு நடுவே இன்னும் சில கைகள் உயர்ந்தன.

“வேலை போயிடும், சொல்லிட்டேன்!”

“எங்களை அனுப்பிட்டு நீங்களும் மச்சானும் மடிங்க. ஜோடி நல்லாவே இருக்கும்” என்றாள் மூத்தவள்.

பாய்லர்காரர் நீராவிக் குழாயை அடைத்தார், எந்திரங்கள் நின்றன.

கோர்ட்டில் அரசு வக்கீல் அவர்களை ஏற இறங்கப் பார்த்தார். “நீதிபதி என்ன முடிவெடுப்பாருன்னு சொல்ல முடியாதும்மா. ஆனா ஒருத்தியோட பகைன்னு இனிமே அவங்க பேச முடியாது.”

வழக்கைக் கூப்பிட்டார்கள். இளையவள் சட்டென்று காலை எடுத்து வைத்தாள். மூத்தவள் அவள் முழங்கையை எட்டிப் பிடித்தாள்.

“நில்லுடி! இதுலயும் நீதான் முந்தணுமா?”

வாசல் குறுகல். இருவரும் தோளோடு தோள் இடித்துக்கொண்டே உள்ளே நுழைந்தார்கள். பின்னால் சலவைக்கூடமே வந்துகொண்டிருந்தது.