நூற்றிருபது வகுத்தல் பன்னிரண்டு

பள்ளிக்கூடத்தில் எனக்குச் ‘செவ்வகம்’ என்று பட்டப்பெயர். பதினேழு வருஷமாக ஆறாம் வகுப்புக்குப் பரப்பளவுக் கணக்கு நடத்துகிறவனுக்கு வேறென்ன வைப்பார்கள்? என் உடம்பில் அந்த வடிவம் எங்கேயும் கிடையாது, எல்லாம் வட்டம்தான். இருந்தாலும் அந்தப் பெயரில் எனக்கு ரகசியமாய் ஒரு கர்வம் உண்டு. “ஒரு தோட்டக்காரர் தன் தோட்டத்தில்” என்று யாராவது ஆரம்பித்தால் போதும், அவர் வாக்கியத்தை முடிப்பதற்குள் நான் விடையைச் சொல்லிவிடுவேன். பெரும்பாலும் யாரும் கேட்டிருக்க மாட்டார்கள்.

என் மனைவி தையல்காரி. கூடத்து மூலையில் ஒற்றை மெஷினைப் போட்டுக்கொண்டு தெருவுக்கே தைத்துக் கொடுத்தவள், இந்த வருஷம் பின்னறையில் தையல் வகுப்பு ஆரம்பிப்பது என்று முடிவு செய்தாள். மூடிப்போன தையல் கம்பெனி ஒன்றிலிருந்து, எத்தனை மெஷின் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளச் சொல்லியிருந்தார்கள்.

“ஏங்க, பின்னாடி ரூம்ல எத்தனை மெஷின் போடலாம்? கொஞ்சம் பாத்துச் சொல்லுங்களேன்.”

நான் விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தேன். தலையைத் தூக்கவில்லை. அறை பன்னிரண்டுக்குப் பத்து, ஆக நூற்றிருபது சதுர அடி. ஒரு மெஷினுக்கு, உட்காருகிற ஸ்டூலையும் சேர்த்து, நாலுக்கு மூன்று, ஆக பன்னிரண்டு.

“பத்து” என்றேன். மீதியே இல்லாமல் வந்தது. மீதியில்லாமல் வருகிற விடை என்றால் எனக்கு உயிர்.

“பத்தா? நான் ஆறு, மிஞ்சிப்போனா ஏழுன்னுல்ல நினைச்சேன்!”

“நீ கண்ணால பாக்கறே. நான் கணக்கால பாக்கறேன்.”

இதைச் சொன்னபோது என் முகம் எப்படி இருந்திருக்கும் என்று இப்போது நினைத்தால் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருக்கிறது. அவள் என்னை நம்பினாள். ஒரே வாரத்தில் பத்துப் பெண்களுக்கு வாக்குக் கொடுத்துவிட்டாள். அதில் ஒருத்தி, அட்டைப்பெட்டிக் கம்பெனியில் பார்த்துக்கொண்டிருந்த வேலையையே விட்டுவிட்டு வருவதாகச் சொன்னாள். திங்கட்கிழமை வகுப்பு ஆரம்பம்.

சனிக்கிழமை காலை வண்டிக்காரர் பத்து மெஷின்களோடு வந்து இறங்கினார். இடப்பக்கச் சுவரோரம் மூன்று, வலப்பக்கச் சுவரோரம் மூன்று. அதுவரை நான் இடுப்பில் கை வைத்துக்கொண்டு, போர் நடத்துகிற மாதிரி கட்டளை போட்டுக்கொண்டிருந்தேன். ஏழாவதை நடுவில் இறக்கியதும் வண்டிக்காரர் அறைக்கோடியில் மாட்டிக்கொண்டார். முன்னால் மெஷின், முதுகுக்குப் பின்னால் சுவரலமாரி.

“சார், நான் எப்படி வெளிய வர்றது?”

“இன்னும் மூணு போடணுங்க. இடம் இருக்கு. நாப்பத்தெட்டு சதுர அடி அப்படியே மீதி இருந்துச்சு.”

“அந்த நாப்பத்தெட்டு மேலதான் சார் நான் நிக்கிறேன்.”

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. மெஷினை நெட்டுக்குத்தாகத் திருப்பச் சொன்னேன், குறுக்கே தள்ளச் சொன்னேன். கதவு உள்பக்கமாகத் திறப்பது என்பதை அது மெஷினில் இடித்தபோதுதான் தெரிந்துகொண்டேன். பதினேழு வருஷமாக என் கணக்குகளில் வருகிற அறைகளுக்குக் கதவும் கிடையாது, அலமாரியும் கிடையாது. அதில் வருகிற மனிதர்கள் எவரும் எழுந்து நடப்பதும் இல்லை. வண்டிக்காரர் ஒருவழியாக மெஷின் மேசைமேல் ஏறிக் குதித்து வெளியே வந்தார். அசடு வழிய நின்றேன்.

என் மனைவி ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருந்தால் நானும் பதிலுக்கு ஏதாவது கத்தி, ஆறுதல் அடைந்திருப்பேன். ஏழாவது மெஷினை வெளியே எடுக்கச் சொன்னாள். பிறகு வாசற்படியில் உட்கார்ந்து, பெயர் எழுதிய தாளைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“நாலு பேர வேண்டாம்னு சொல்லணும். யாரைச் சொல்றது?”

“நான் வேணா போய்ச் சொல்றேன்” என்றேன்.

“என்னன்னு சொல்வீங்க? அந்தப் பெட்டிக் கம்பெனிப் பொண்ணுகிட்ட, வகுத்ததுல தப்பாயிடுச்சும்மான்னா?”

வகுத்ததில் தப்பே இல்லை என்று சொல்ல வாய் வரைக்கும் வந்தது. நல்லவேளை, விழுங்கிவிட்டேன்.

“உங்க ரூம்ல எத்தனை போடலாம்?” என்று கேட்டாள்.

என் அறையில் எனக்கென்று ஒரு மேசை உண்டு. வீட்டில் என்னை யாரும் கேள்வி கேட்காத ஒரே இடம் அதுதான். இந்தத் தடவை வாயைத் திறக்கவில்லை. அவளுடைய அளவு நாடாவையும் துணியில் கோடு போடுகிற சாக்பீஸையும் வாங்கிக்கொண்டு உள்ளே போனேன். தரையில் தவழ்ந்தேன். கதவு எதுவரை வரும், ஸ்டூலைப் பின்னால் தள்ளினால் எவ்வளவு தூரம் போகும், குனிந்து நூலெடுத்தால் எங்கே இடிக்கும் என்று ஒவ்வொன்றுக்கும் கோடு போட்டேன். அறை பத்துக்கு எட்டு. எட்டடிச் சுவர் ஒவ்வொன்றிலும் இரண்டிரண்டு மெஷின், நடுவே நாலடி வழி. மேசை இருந்தால் மூன்று. மேசை போனால் நான்கு.

மூன்று என்று சொல்லிவிடலாமா என்று ஒரு நிமிஷம் நினைத்தேன். பொய் சொல்லக்கூடாது, நன்றாகவே நினைத்தேன். மேசை இருக்கிறவரை அது சரியான விடையும்கூட. பிறகு, விடுபடப்போகிற அந்த ஒருத்தியிடம் போய் நிற்கப்போவது நான்தான் என்று நினைவு வந்தது.

“நாலு. ஆனா என் மேசைய வெளிய எடுத்துடணும்.”

அவள் அறை வாசலில் சாய்ந்து நின்றிருந்தாள். “தெரியும். நீங்க வண்டிக்காரரோட மல்லுக்கட்டிக்கிட்டு இருந்தப்பவே வந்து அளந்துட்டேன்.”

“அப்புறம் எதுக்கு என்னைத் தவழ விட்டே?”

“நாலுன்னு சொல்றீங்களா, மூணுன்னு சொல்றீங்களான்னு பாக்கத்தான்.”

எழுந்து, முழங்காலில் ஒட்டிய சாக்பீஸ் தூளைத் தட்டினேன். தோற்றவனின் பேச்சு எப்போதும் எதிர்க்கேள்விதானே.

“இவ்வளவு அளக்கத் தெரிஞ்சவ, அன்னைக்கு அந்த ரூமையும் நீயே அளந்திருக்க வேண்டியதுதானே? என்கிட்ட எதுக்குக் கேட்டே?”

அவள் நாடாவை விரலில் சுற்றிக்கொண்டே சொன்னாள்:

“கேட்டா எந்திரிச்சு வந்து, ஒரு தடவையாவது அந்த ரூமைப் பாப்பீங்கன்னு நினைச்சேன்.”