வாயால் சொல்லாத பெயர்

"கிழவன் தன்ர மனுசியைப் பாத்து, நீங்கள் ஆர், ஆரின்ர வீட்டுக்கு வந்தனீங்கள் எண்டு கேக்கிறான்," என்று திரையைப் பார்த்தபடி மனைவியின் காதுக்குள் சொன்ன சிவகுருநாதன் அத்தோடு நிறுத்திக்கொண்டார்.

"பிறகு?" என்றாள் கமலநாயகி.

"எனக்கு மூச்சு முட்டுது. வெளியாலை போட்டு வாறன்."

ஜெர்மனிக்கு, ஹனோவருக்கு வந்த இந்த முப்பத்தெட்டு வருடத்தில் எந்தப் படத்துக்குப் போனாலும், திரையின் அடியில் ஓடும் டொச் மொழி வரிகளை வாசித்து அவளுக்குத் தமிழில் சொல்வது அவர்தான். இது பக்கத்து வீட்டு டானூட்டா டிக்கெட் தந்த போலந்துப் படம். முதுமையும் மறதியும்தான் கதையென்று தெரிந்திருந்தால் அவள் வந்திருக்கவே மாட்டாள்.

போன மாதம் அவர் தண்ணி கொதிக்கவைக்கும் கேத்திலைக் கொண்டுபோய் உடுப்பு அலுமாரிக்குள் வைத்திருந்தார். மறதியைப் பரிசோதிக்க மகள் பிரபாலினி செவ்வாய்க்கிழமைக்கு டொக்டரிடம் நேரம் குறித்து ரெர்மின் எடுத்திருந்தாள். அதை நிறுத்திவிட வேண்டும் என்று கமலநாயகி நினைத்திருந்தாள். டொக்டர் வாய் திறக்காதவரைக்கும் அது வெறும் மறதிதானே.

கால் மணி நேரமாகியும் அவர் வரவில்லை. ஜாக்கெட் இருக்கையிலேயே கிடந்தது. அதை அள்ளிக்கொண்டு வாசலுக்கு ஓடி, அவரைக் கண்டீர்களா என்று விசாரித்தாள்.

"உங்கள் கணவரின் பெயர் என்ன?" என்று டிக்கெட் தரும் பெண் கேட்டாள். எத்தனையோ படிவங்களில் எழுதிய பெயர்தான். வாயால் ஒருநாளும் சொன்னதில்லை. தட்டுத்தடுமாறிச் சொன்னாள்.

கண்ணாடிக் கதவுக்கு அப்பால், டிராம் நிறுத்தத்துப் பனியில், வெறும் சட்டையோடு அவர் நின்றார். டிராம் நெருங்கிக்கொண்டிருந்தது. அவள் பதறி ஓடி, "சிவகுருநாதன்" என்று கத்திவிட்டாள்.

அவர் திரும்பினார். வேற்றாளைப் பார்த்துச் சிரிக்கும் மரியாதைச் சிரிப்பு.

"ஓம் அக்கா. என்ர மனுசி உள்ளுக்கை தனிய இருக்கிறா. வந்த வழி தெரியேல்லை. அவவுக்கு டொச் வாசிக்க ஏலாது, பயந்திடுவா."

"நான்தானப்பா உங்கட மனுசி."

"பகிடி விடாதையுங்கோ. அவ செத்தாலும் என்ர பேர் சொல்லமாட்டா."

டிராமின் கதவு திறந்தது. அவர் ஒரு காலை உள்ளே வைத்தார். வீட்டில் அவரைக் கூப்பிடும் அதே எரிச்சலை அவள் எங்கிருந்தோ வரவழைத்துக்கொண்டாள்.

"இஞ்சாருங்கோ, ஜாக்கெட்டை விட்டிட்டு எங்கை போறியள்?"

கால் இறங்கியது.

"படம் முடிஞ்சுதோ? ஏனப்பா நடுங்கிறீர்?"

ஜாக்கெட்டை மாட்டிவிட்டு அவருடைய மணிக்கட்டை இறுகப் பிடித்துக்கொண்டாள். இன்றைக்கு அந்த அழைப்புக்குத் திரும்பிவிட்டார். நாளைக்கு?

"செவ்வாய்க்கிழமை டொக்டரிட்டைப் போறம்," என்றாள்.

"ஆருக்கு?"

"எனக்குத்தான். கடைசிவரைக்கும் எனக்கு டொச் வாசிச்சுச் சொல்ல ஆள் வேணும்."