வாண்டாவின் குரலில் நீவெஸ்

நீவெஸ் தொசரெல்லி முப்பத்தொரு படங்களில் நடித்தாள். ஒன்றில்கூட அவள் குரல் இல்லை. உதடு அவளுடையது, குரல் வாண்டா என்பவளுடையது. ரோமில் இதை யாரும் விசித்திரமாக நினைப்பதில்லை. முகத்தை ஓரிடத்தில் பிடிப்பார்கள், குரலை இன்னோரிடத்தில் பிடித்து ஒட்டுவார்கள். நீவெஸ் கொமாக்கியோ சதுப்பு நிலத்துக்காரி. அவள் வாயைத் திறந்தால் விலாங்கு மீன் நாறுகிறது என்று முதல் தயாரிப்பாளர் சொன்னாராம்.

படங்கள் நின்றுபோன பிறகு அவள் ஒரு புத்தகம் எழுதினாள். விலாங்கைச் சுட்டு வினிகரில் ஊறவைக்கும் தொழிற்சாலையில் முப்பது வருடம் நெருப்பின் முன் நின்ற தன் அம்மாவைப் பற்றி. அதை ஞாயிறுதோறும் வானொலியில் வாசிக்க எங்கள் நிலையம் அனுமதி கேட்டது. "நானேதான் வாசிப்பேன்" என்றாள். அது ஒன்றுதான் அவள் நிபந்தனை.

நான் அங்கே உதவியாளர். எங்கள் குடும்பத்தில் முதல் பட்டம் என்னுடையது. அப்பா சந்தையில் மூட்டை தூக்குகிறவர். வேலை இன்னும் நிரந்தரமாகவில்லை. ஒப்பந்தத் தாளை நீவெஸிடம் நீட்டிக் கையெழுத்து வாங்கியது நான்தான். அவளும் படிக்கவில்லை, நானும் படிக்கவில்லை.

ஒலிப்பதிவு அன்று அவள் சொன்னாள்: "எங்கம்மாவுக்குப் படிக்கத் தெரியாதும்மா. இப்பக் கண்ணும் போச்சு. என் படம் ஊருக்கு வந்தா, 'மூஞ்சி எம்பொண்ணு, பேசுறது எவளோ'ன்னு பாதியில எழுந்து போயிடுவா. இதையாவது முழுசாக் கேக்கட்டும்."

கரடுமுரடான சதுப்புநிலப் பேச்சில் வாசித்தாள். அம்மாவின் தலைமுடியில் புகையும் வினிகரும் நாறுவதைச் சொல்லும் இடத்தில் ஒருமுறை நின்றாள். பிறகு தொடர்ந்தாள்.

அவள் போனதும் எங்கள் நிகழ்ச்சி இயக்குநர் குவாஸ்கோ சிகரெட்டை நசுக்கினார். "புத்தகம் பிரமாதம். குரல்தான் நீவெஸ் மாதிரியே இல்ல."

"அவங்கதானே சார் நீவெஸ்?"

"ஜனங்களுக்கு வாண்டாதாம்மா நீவெஸ். இதைப் போட்டா, யாரோ மீன்காரிய உக்கார வச்சு ஏமாத்துறோம்னு கடுதாசி வரும். வாண்டாவக் கூப்பிடு."

"அவங்ககிட்டக் கேக்க வேணாமா?"

"வாசிக்கிறது யாருன்னு நிலையம் முடிவு பண்ணும்னு தாள்லயே இருக்கு. பட்டதாரிதானே நீ? படிச்சுப் பாரு."

படித்தேன். இருந்தது.

வாண்டா வந்து இரண்டு நாளில் முடித்தாள். நன்றாகவே வாசித்தாள், அதுதான் கொடுமை. கிளம்பும்போது, "அவளுக்குத் தெரியுமில்ல?" என்று கேட்டாள். குவாஸ்கோ தொப்பியைத் தேடினார். நான் ஒலிநாடாவைச் சுருட்டினேன்.

ஞாயிறு மதியம் நீவெஸ் என்னைச் சாப்பிட அழைத்திருந்தாள். சொல்லிவிட வேண்டும் என்றுதான் போனேன். வாசலில் வைத்தே சொல்லியிருக்கலாம். வேலை நினைவுக்கு வந்தது. அவள் வானொலியைத் திருப்பினாள்.

வாண்டாவின் குரல் வந்தது. நீவெஸ் என்னைப் பார்க்கவில்லை, கத்தவில்லை. அவள் உதடுகள் மட்டும் அந்தக் குரலோடு அசைந்தன, ஒரு சொல் பிசகாமல். முடியும்வரை அசைந்தன.

தொலைபேசி அடித்தது. ஊர்க் காப்பிக்கடையிலிருந்து அவள் அம்மா. தொலைபேசிக்குப் பழகாதவர்கள் பேசுவதுபோல உரக்கப் பேசியதால் எனக்கும் கேட்டது. "ஏண்டி, அந்தப் பொம்பளை நல்லாத்தான் வாசிக்கிறா. நம்ம வீட்டுக் கதைய அவளுக்கு எவ சொன்னா? சரி, நீ எப்பப் பேசுவ? கடை முழுக்க ஆளக் கூட்டி வச்சிருக்கேன்."

நீவெஸ் புத்தகத்தை எடுத்து, அந்தத் தொலைபேசியிலேயே முதல் பக்கத்தை வாசிக்கத் தொடங்கினாள்.

"ஆங், இது நீதான்," என்றாள் அம்மா. "சத்தம் போடாதீங்கடா, எம்பொண்ணு பேசுறா!"

நாலாவது வரியில், காப்பிக்கடைத் தொலைபேசியில் காசுக்குப் பதில் போட்ட டோக்கன் தீர்ந்து இணைப்பு அறுந்தது. நீவெஸுக்கும் அது தெரியும். அவள் பக்கம் முடியும்வரை வாசித்தாள்.

அடுத்த வாரம் முழுக்கக் கடிதங்கள் வந்தன. நீவெஸின் குரலை மறுபடி கேட்டதில் எவ்வளவு சந்தோஷம் என்று எழுதியிருந்தார்கள். பிரித்து அடுக்கியது நான்தான். மாதக் கடைசியில் என் வேலை நிரந்தரமானது.