அராசோலா வீட்டு அகராதி மீன்கடைக்குப் போன நாள்

எங்கள் வீட்டில் மதிய சூப் யாருக்கும் சும்மா கிடைக்காது. கூடத்தில் என் தந்தையார் வாங்கிவைத்த பெரிய அகராதி இருக்கிறது. அதிலிருந்து அன்றைக்கான சொல்லை நான் வாசிப்பேன். மேசையில் உள்ள ஒவ்வொருவரும் அதை வைத்து ஒரு வாக்கியம் சொன்ன பிறகுதான் கரண்டி சட்டிக்குள் இறங்கும். பிஷப் ஒருமுறை வந்திருந்தார். அவரும் சொல்லிவிட்டுத்தான் சாப்பிட்டார்.

ஒரே ஒரு சொல்லுக்கு மட்டும் எங்கள் வீட்டில் தடை. பைனா. எங்கள் ஆற்றங்கரை ஊர்களில் செருப்பும் பைனா, தலைவலியும் பைனா, தேர்தலும் பைனா. பெயர் நினைவுக்கு வராத எல்லாவற்றுக்கும் அதுதான் பெயர். சோம்பேறி நாக்கின் சொல் என்று தந்தையார் தடுத்தார். கல்யாணமாகி ஐம்பத்தொரு வருஷம், என் மனைவி ஒட்டிலியா அதை உச்சரித்து நான் கேட்டதில்லை.

ஊரின் பாதுகாவலரான புனிதரின் திருநாளுக்கு முந்தைய வாரம், நகரத்திலிருந்து இமெல்டா என்ற ஆராய்ச்சியாளர் சந்தைக்கு வந்தார். கையில் இரண்டு சின்ன ஒலிப்பதிவுக் கருவிகள். எழுபது வயது தாண்டிய இருவர் அவற்றை மூன்று நாள் சட்டையில் குத்திக்கொள்ள வேண்டும். யார் எத்தனை விதமான சொற்கள் பேசினார்கள் என்று எண்ணித் திருநாளன்று மைதானத்தில் சொல்வார்.

நான் கை தூக்கினேன். மீன்கடையிலிருந்து செதில் ஒட்டிய இன்னொரு கை எழுந்தது. மீன்காரி எதுவிகிஸ் பாஹரோ. எங்கள் ஊரில் மரியாதைக்கு ஆணைத் தொன் என்றும் பெண்ணைத் தொன்யா என்றும் அழைப்போம்.

"தொன் லியோவிகில்தோ, உங்க வீட்டுல புஸ்தகம் பேசும். எங்க வீட்டுல நாங்களே பேசுவோம். பாத்துடலாமா?"

"நீங்க ஜெயிச்சா எங்க அகராதியை உங்க கடையில கொண்டுவந்து வைக்கிறேன்" என்றேன். சந்தை முழுக்கக் கேட்டது. சொன்ன சொல்லிலிருந்து அராசோலா குடும்பம் பின்வாங்கியதில்லை.

மூன்று நாளும் நான் வாய் மூடவில்லை. ரொட்டிக்கடையில், "அன்பரே, இவ்வைகறைப் பொழுதில் தங்கள் அடுப்பு ஈன்ற கோதுமைச் செல்வங்களுள் இரண்டினை நல்குவீராக" என்றேன். கடைக்காரர் தொப்பியைக் கழற்றினார்.

"யாரு தவறிட்டாங்க, தொன் லியோ?"

வீட்டில் கோழிகளுக்கும் உரையாற்றினேன். "முட்டை போடறதை நிறுத்திடுச்சுங்க" என்றாள் ஒட்டிலியா. "ஒருவேளை அர்த்தம் தேடிக்கிட்டிருக்கோ என்னமோ."

திருநாள் வந்தது. பூசை முடிந்து, வாத்தியக்காரர்கள் ஊதி ஓய்ந்ததும் இமெல்டா மேடையேறினார்.

"தொன் லியோவிகில்தோ அராசோலா, இரண்டாயிரத்து நூற்று ஆறு சொற்கள். தொன்யா எதுவிகிஸ் பாஹரோ, இரண்டாயிரத்து எண்ணூற்று நாற்பது."

மைதானம் குதித்தது. மீனுக்கு மட்டுமே அவளிடம் அறுபது பெயர் இருந்ததாம். காற்றுக்குப் பதினொன்று. பேரம் பேசுகிறவர்களைத் திட்டுவதற்கு நூற்றுக்கு மேல், ஒன்றுகூட இரண்டாம் முறை வரவில்லையாம்.

"அப்புறம் தொன் லியோ அதிகமாப் பயன்படுத்தின பெயர்ச்சொல்..." இமெல்டா தாளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், மறுபடி தாளைப் பார்த்தார். "பைனா. தொண்ணூற்று மூன்று தடவை."

நான் எழுந்தேன். "பொய்! எங்க குடும்பம் ஆதாரமில்லாம எதையும் ஏத்துக்காது. போட்டுக் காட்டுங்க!"

"இங்கயா, தொன்?"

"இங்கதான். சத்தமா!"

ஒலிபெருக்கி கரகரத்தது. பிறகு மணிக்கூண்டுப் புறாக்கள் பறக்கும்படி, சட்டையில் குத்திய கருவியோடு மல்லுக்கட்டும் என் குரல் கேட்டது:

"ஒட்டிலியா! இந்தப் பைனாவுல எந்தப் பைனாவ அமுக்கினா இந்தப் பைனா நிக்கும்? நான் கொஞ்சம் கண்ணசரணும்!"

சிரிப்பு ஆற்றின் அக்கரைவரை போயிருக்கும். பாதிரியார் தூணைப் பிடித்துக்கொண்டார். பக்கத்தில் ஒட்டிலியா விசிறியால் முகத்தை மூடிக் குலுங்கினாள்.

"உனக்குத் தெரியுமா?" என்றேன்.

"கல்யாணத்தன்னிக்கே தெரியும். பாதிரியார்கிட்ட, மோதிரம் விரல்ல ஏறலைன்னு என்ன சொன்னீங்க? 'இந்தப் பைனா நுழைய மாட்டேங்குது.' ஐம்பத்தொரு வருஷம் நான் மட்டுந்தான் வாயைக் கட்டிட்டிருந்தேன்."

என் குரல் இல்லை என்று சொல்லியிருக்கலாம். அராசோலாக்கள் பொய் சொல்வதில்லை. "அது நான்தான்" என்று மைதானத்துக்குச் சொன்னேன். முதுகை நிமிர்த்தி வீட்டுக்குப் போய், ஆறு கிலோ அகராதியைத் தூக்கிக்கொண்டு தெருவில் இறங்கினேன். வாத்தியக்காரர்கள், கேட்காமலேயே, எனக்குப் பின்னால் ஊதிக்கொண்டு வந்தார்கள்.

எதுவிகிஸ் கையைத் துடைத்துக்கொண்டு அதை வாங்கினாள். நடுவில் திறந்து மோந்து பார்த்தாள்.

"இந்தப் பைனாவ வச்சு நான் என்ன பண்ண, தொன் லியோ? மீன் மடிக்கவும் தாள் மெலிசா இருக்கு. ஈரம் பட்டா போயிடும். உங்க கூடத்துலயே இருக்கட்டும். ஆனா புஸ்தகம் என்னோடது. அதனால ஞாயித்துக்கிழமை சூப்புக்கு நான் வருவேன். சொல்லையும் நான்தான் எடுத்துக் கொடுப்பேன்."

அந்த ஞாயிறே வந்தாள், கூடை நிறைய மீனோடு. அகராதியைத் திறக்கவே இல்லை. என்னைப் பார்த்துக் கண்ணடித்துத் தடைச்சொல்லைச் சொன்னாள். ஒட்டிலியா ஒரு வாக்கியம் சொன்னாள். அடக்க முடியாமல் இன்னொன்று, பிறகு இன்னொன்று. ஐம்பத்தொரு வருஷத்துச் சேமிப்பு. மாமியாரைப் பற்றி ஏழு, என் குறட்டையைப் பற்றி நான்கு. எதுவிகிஸ் மேசையைத் தட்டித் தட்டிக் கண்ணில் நீர் வரச் சிரித்தாள்.

கடைசியில் என் முறை. தந்தையாரின் படம் சுவரில் இருந்தது. நாற்காலியில் நேராக உட்கார்ந்து, கைக்குட்டையை விரித்து, தெளிவான உச்சரிப்பில் சொன்னேன்:

"பைனா ஆறிப்போச்சு, ஒட்டிலியா. சூடு பண்ணிக் கொண்டா."